எழுந்து கேட்ட பெருமாள்

பூவிருந்தவல்லிக்கு அருகே, ஜகந்நாதப் பெருமாள் கோயில் கொண்டிருக்கும் திருமழிசையில், தை மகத்தில் அவதரித்தவர் திருமழிசையாழ்வார். குடந்தையில் சயனித்திருந்த ஆராவமுதனிடம், 'எழுந்து பேசலாகாதா?' என்று அவர் உரிமையோடு கேட்டார். பக்தனின் குரல் கேட்டுப் பெருமாள் எழத் தொடங்கினார். சற்றே எழுந்த அந்தத் திருக்கோலத்தைத்தான் 'உத்தான சயனம்' என்று இன்றும் சேவிக்கிறோம்.

சகோதரிகளே, நம் வீட்டில் என்ன நடக்கிறது? "காதுக்குள்ளே ஓயாம இரையுதும்மா" என்கிறார் மாமியார். "எங்களுக்கு ஒண்ணும் கேக்கலையே, எல்லாம் உங்க பிரமை" என்று சொல்லிவிடுகிறோம். அதன்பிறகு அவர் வாய் திறப்பதில்லை. ஊர் உறங்கும் இரவில் அந்த இரைச்சலோடு தனியாக விழித்துக் கிடக்கிறார். சத்தத்தைவிட, நம்புவார் இல்லையே என்ற வேதனைதான் அதிகம்.

அது பொய்யல்ல. முதுமையில் செவித்திறன் குறைவது, பல வருடம் இயந்திரச் சத்தத்தில் வேலை பார்த்தது, காதில் அழுக்கு அடைத்தது, சில மாத்திரைகள் என்று காரணங்கள் உண்டு. காது மூக்கு தொண்டை மருத்துவரிடம் அழைத்துப் போங்கள். யாரோ பேசுவதுபோல் குரல் கேட்கிறது என்றால், பேய் பிசாசு என்று பயமுறுத்தாதீர்கள். மனநல மருத்துவரை நாடுங்கள். 2022 முதல் இயங்கும் 'டெலி மானஸ்' சேவையை 14416 என்ற எண்ணில் கட்டணமின்றி அழைக்கலாம். பிரார்த்தனையும் இருக்கட்டும், வைத்தியமும் நடக்கட்டும்.

இன்று விளக்கேற்றியதும் அவர் பக்கத்தில் உட்கார்ந்து, "என்ன சத்தம்மா கேக்குது?" என்று விசாரியுங்கள். பக்தனுக்காகப் பெருமாளே எழுந்தார். நாம் சற்று உட்காரக் கூடாதா?