இரவல் ஆரவாரம்

மகிழ்ச்சி மேலிட்ட மனிதன் எந்த மொழியில் கூவ வேண்டும் என்று கேட்பது வேடிக்கையாகத் தோன்றலாம். துன்பத்தில் அலறுகிறவனிடம் நாம் மொழித் தூய்மை பார்ப்பதில்லை. இன்பத்தில் கூவுகிறவனிடம் பார்க்கிறோம். அதிலும் கூவுகிறவன் பதினான்கு வயதுச் சிறுவனாகவும் கேட்கிறவன் தமிழாசிரியனாகவும் இருந்துவிட்டால் சொல்லவேண்டியதில்லை. சிவப்பு மை ஆயத்தமாகவே இருக்கும். அந்த மையைத் தாராளமாகச் செலவழித்தவர்களுள் நாமும் ஒருவர்.

சில ஆண்டுகளுக்கு முன், திருகோணமலைத் துறைமுகத்தை அண்டிய பாடசாலையொன்றில், ஒன்பதாம் தரத்து மாணவருக்கு 'நான் விரும்பும் விளையாட்டு' என்று கட்டுரை எழுதக் கொடுத்தோம். முப்பத்தாறு தாள்கள் வந்து சேர்ந்தன. அவற்றுள் பாதிக்கு மேற்பட்டவை, விளையாட்டு உடலுக்கும் உள்ளத்துக்கும் உறுதி தருவது என்ற வழிகாட்டிப் புத்தகத்து வாக்கியத்துடன் தொடங்கின. பத்துப் பேர் கிளித்தட்டைப் புகழ்ந்திருந்தனர். கிளித்தட்டுக்குக் கோடு எப்படிக் கீறுவது என்று கேட்டபோது அப்பதின்மருள் ஒருவனுக்கும் தெரியவில்லை. ஒரு தாள் மட்டும் வேறு விதமாயிருந்தது. அரைப் பக்கம்தான், எழுத்துப் பிழை மலிந்தது. கணினியில் ஆடும் உதைபந்தாட்டத்தைப் பற்றியது. அதில் எமக்கு விளங்காத சொல்லொன்று மூன்று இடங்களில் வந்தது. மூன்றாவது இடத்தில் நான்கு வியப்புக்குறிகளும் அதற்குக் காவல் நின்றன: 'கோலாத்தோ'.

மூன்றையும் வெட்டினோம். 'பிறமொழிச் சொற்களைத் தவிர்க்கவும்' என்று ஓரத்தில் எழுதினோம். மறுநாள் அந்தப் பையன் தாளுடன் எமது மேசையருகில் வந்து நின்றான்.

"சேர், அப்ப அதை என்னெண்டு எழுதுறது?"

குறும்பு அன்று, உண்மையாகவே கேட்டான். அச்சொல்லின் பொருளை அவனிடமே கேட்டறிந்து, 'அழகிய கோல்' என்று எழுதலாமே என்றோம்.

"கோலும் இங்கிலீஷ்தானே சேர்?"

பல்கலைக்கழகத்தில் நான்கு ஆண்டுகள் தமிழ் கற்றுச் சிறப்புப் பட்டம் பெற்ற நாம் அன்று அவனுக்கு விடை சொல்லவில்லை. மணி அடித்தது எமக்கு வசதியாயிற்று.

அச்சொல் அவனுக்கு எங்கிருந்து வந்தது என்று அறியும் ஆவலில், உள்துறைமுகப் பக்கம் செல்லும் தெருவொன்றிலிருந்த கணினிக் கடைக்கு ஒரு மாலை சென்றோம். நான்கு கணினிகள், எழுத்துத் தேய்ந்த விசைப்பலகைகள். ஆண்டுதோறும் 'ஃபிஃபா' என்ற பெயரில் வந்து, 2023இலிருந்து வேறு பெயர் பூண்ட அந்த உதைபந்தாட்ட விளையாட்டே அங்கு நிரந்தர ஆட்சி செலுத்தியது. உரிமம் பெற்ற பிரதி அன்று என்பதைச் சொல்லத் தேவையில்லை. அதனுள்ளே நேர்முக வருணனை ஸ்பானிய மொழியில் ஓடிக்கொண்டிருந்தது. ஸ்பெயின் நாட்டு வானொலியில் பெயர்பெற்ற மனோலோ லாமாவும் பாக்கோ கொன்சாலஸும் அவ்விளையாட்டின் ஸ்பானியப் பதிப்புக்கு நெடுங்காலம் குரல் கொடுத்தவர்கள் என்பதைப் பின்னர் அறிந்தோம். தமது குரல் திருகோணமலைத் தகரக் கூரையின் கீழ் முழங்குமென அவர்கள் கனவிலும் எண்ணியிருக்கமாட்டார்கள்.

"டிஸ்க் உப்பிடித்தான் வந்தது, மாஸ்டர். பாஷையை மாத்தத் தெரியேல்லை. இப்ப மாத்துவம் எண்டாலும் பொடியள் விடுறாங்களில்லை" என்றார் கடைக்காரர்.

விடமாட்டார்கள் என்பதைக் கண்ணாலேயே கண்டோம். பந்து வலைக்குள் புகுந்ததும் கடை முழுவதும் எழுந்து நின்று அந்த ஒரே சொல்லைக் கூவியது. அதன் பிறப்பு சுவையானது. ஆங்கிலத்து 'கோல்' என்ற சொல்லை ஸ்பானியர் கடன் வாங்கினர். வாங்கியதோடு நில்லாமல், பெருமையும் வியப்பும் குறிக்கும் தமது விகுதியொன்றை அதன் தலையிலே கட்டினர். அவ்வாறு பிறந்ததே 'கோலாத்தோ'. இலத்தீன் அமெரிக்காவில் அதனையே 'கோலாசோ' என்பர். ஈற்றெழுத்தைப் பல்லிடை நாவைத்து ஒலிப்பது ஸ்பெயினின் பெரும்பகுதியில் உள்ள வழக்கு. நமது பையன் 'த்தோ' என்று எழுதியிருந்தான். காதில் விழுந்ததைப் பிசகின்றிப் பிடித்த அச்செவிக்கு மதிப்பெண் தருவதை விடுத்து வெட்டுக்கோடு போட்டுவிட்டோமே என்று முதன்முதலாக வெட்கினோம்.

கடன் வாங்குவது இழிவு என்றால் நமது வகுப்பறையில் இருக்க இடமிராது. நாம் அமர்ந்திருக்கும் கதிரையும், எழுதும் மேசையும், வாசலில் கழற்றி வைக்கும் சப்பாத்தும் போர்த்துக்கேயர் விட்டுச் சென்றவை. கோணேசர் கோயிலை இடித்து, அதன் கல்லைக்கொண்டு 1624இல் அவர்கள் கட்டிய கோட்டை இன்றும் குன்றின்மேல் நிற்கிறது. அப்போது போர்த்துக்கல்லின் முடியைத் தரித்திருந்தவன் ஸ்பெயின் அரசனே. 1580 முதல் 1640 வரை இரு நாட்டுக்கும் ஒரே அரசு. பீரங்கியுடன் வந்த அரசனின் மொழி இவ்வூரில் ஒட்டவில்லை. பொழுதுபோக்குத் தட்டொன்றில் ஏறி வந்தபோது பிள்ளைகளின் நாவில் ஏறிவிட்டது. இந்த நகரத்திலும் மட்டக்களப்பிலும் வாழும் பறங்கியரிடம் போர்த்துக்கேயக் கலப்புமொழியொன்று இன்னும் எஞ்சியிருக்கிறது. அவர்களுட் பலர் அன்றாடம் பேசுவது தமிழே. எனினும் கலியாண வீட்டில் ஆட்டமும் பாட்டும் தொடங்கியதும் அந்தப் பழைய மொழி மேலெழுகிறது. வழக்கும் வாணிபமும் பிற மொழிகளுக்குப் போனபின்னும் களிப்பு அதனைக் கைவிடவில்லை.

கடையில் நாம் கண்ட வேறொன்றையும் சொல்லவேண்டும். அங்கே கூவியவர்கள் தமிழ்ப் பிள்ளைகள் மட்டுமல்லர். முஸ்லிம் பிள்ளைகளும் சிங்களப் பிள்ளைகளும் தோளோடு தோள் இடித்து நின்றனர். 1956இல் தனிச் சிங்களச் சட்டம் பிறந்தது முதலாக, எந்த மொழியில் வாய் திறக்கிறோம் என்பதே ஆளை அளக்கும் கோலாகிவிட்ட நாடு இது. இந்தத் துறைமுகத்திலோ சொல்லவே வேண்டா. பெயர்ப்பலகை ஒவ்வொன்றும் ஒரு வழக்கு. அப்படிப்பட்ட ஊரில் எவனுடைய தாயும் பேசாத மொழியொன்றை அப்பிள்ளைகள் தமது பொது ஆரவாரமாக்கிக்கொண்டனர். அச்சொல்லில் எவனும் சிறுபான்மையன் அல்லன்.

நாம் அவ்வயதில் கூவவில்லை. 2006ஆம் ஆண்டு சனவரி 2ஆம் நாள் மாலை, இந்நகரக் கடற்கரையில் கூடியிருந்த தமிழ் மாணவர் ஐவர் சுட்டுக் கொல்லப்பட்டனர். குற்றஞ்சாட்டப்பட்ட பதின்மூவரும் 2019இல் நீதிமன்றத்தால் விடுவிக்கப்பட்டனர். அந்த நாட்களில் நாமும் பாடசாலை மாணவரே. பிறகு எமது தெருவில் பொழுதுபட்டபின் எந்தப் பிள்ளையும் உரத்துச் சிரித்ததில்லை. சிரித்தால் உள்ளிருந்து தாய் அதட்டுவாள். சோதனைச் சாவடியைக் கடக்கையில் குரலைத் தாழ்த்தப் பழகிய நாம், சாவடிகள் போனபின்னும் தாழ்ந்த குரலிலேயே பாடம் நடத்துகிறோம். தமிழென்றால் அஞ்சலி உரை, அறவுரை, பரீட்சை. இம்மூன்றுக்குமே அது உரியது என்று நம்மை அறியாமலே பிள்ளைகளுக்குக் கற்பித்துவிட்டோம். அவர்கள் தமது மகிழ்ச்சியை வேறெங்கோ கொண்டுபோய்க் குடிவைத்தால் குற்றம் யாருடையது?

நூல்களைக் குறைகூற வழியில்லை. தொல்காப்பியர் மெய்ப்பாட்டியலில் உவகை பிறக்கும் களன்களாக நான்கைச் சொல்லும்போது, செல்வம், புலன், புணர்வு ஆகியவற்றோடு விளையாட்டையும் நிறுத்தினார். பிள்ளைத்தமிழில் சிற்றில் சிதைப்பதற்கும் சிறுதேர் உருட்டுவதற்கும் தனித்தனிப் பருவங்களே வகுத்தனர் நம்மவர். இவற்றை நாம் பரீட்சைக்கு ஒப்புவித்திருக்கிறோம்; ஒரு பையன் விளையாட்டால் வந்த உவகையைத் தாளிலே கொண்டுவந்து வைத்தபோது அடையாளம் காணவில்லை.

நண்பர்கள் சிலர் இங்கே இடைமறிப்பர். இவ்விளையாட்டுகள் பெரும் முதலாளிகளின் சரக்கல்லவா, பிள்ளையின் உற்சாகத்தைச் சிறு சிறு காசாகக் கறந்தெடுக்கும் பொறியல்லவா, இதற்கு வக்காலத்து வாங்குவது முற்போக்கா என்பர். கேள்வி நியாயமானது. விளையாட்டுக்குள்ளேயே ஆட்டக்காரர் பொதிகளை விற்று, திறந்தபின்னரே உள்ளிருப்பதைக் காட்டும் வியாபாரம் சூதுக்கு அயல்வீடு என்பதில் எமக்கு ஐயமில்லை. பெல்ஜியம் 2018இல் அதனைச் சூதாட்டச் சட்டத்தின் கீழ் கொண்டுவந்தது. ஸ்பானிய மொழிக்குக் குரல் தருகிறார்களே, அதுவும் அன்பினால் அன்று. அம்மொழியைத் தாய்மொழியாகக் கொண்டோர் ஏறத்தாழ ஐம்பது கோடி, அவர்கள் வாங்குவார்கள். அவர்களிற் பெரும்பாலோரின் முன்னோர்மீது அது வாளால் ஏற்றப்பட்ட மொழி என்பதும் வரலாறு.

ஆயினும் இவ்வாதத்தைக் கேட்டபோதுதான் எமக்கு ஒன்று தெளிந்தது. கூவுதல் வேறு, எடுத்துரைத்தல் வேறு. கூவுவதற்கு ஒரு சொல் போதும். அது எந்தக் கரையிலிருந்து மிதந்து வந்தாலும் பாதகமில்லை. அந்தப் பந்து ஏன் அழகியது, அதனை அடிக்குமுன் தான் எதற்காக ஒரு கணம் தாமதித்தான், தோற்ற நண்பன் என்ன செய்தான் என்று சொல்லப் புகுந்தால் ஒரு சொல் போதாது. வாக்கியம் வேண்டும், உவமை வேண்டும், வீட்டிலும் படகிலும் கேட்டு வளர்ந்த பேச்சு வேண்டும். வியாபாரிக்குக் கூவல் மட்டும் போதுமானது. எடுத்துரைக்கப் பழகிய பிள்ளை நாளை வேறு கேள்விகளும் கேட்பான்: இரவெல்லாம் இதன்முன் ஏன் இருந்தேன், அப்பாவின் காசு எவன் பைக்குள் போயிற்று என்பான். இரவற் சொல்லை வெட்டிய நாம், அவனிடமிருந்த கூவலையும் பறித்தோம். எடுத்துரைக்கும் வாய்ப்பையும் கொடுக்கவில்லை. அவனுக்கு நாம் செய்த அநீதி இதுதான்.

ஸ்பானியரும் இதனை எளிதில் அடைந்துவிடவில்லை. செவில் நகரத்துச் சிறு குழுவொன்று தனது ஊரின் புனித வாரச் சடங்குகளையும் பழைய சமய ஓவியங்களையும் கருவாகக்கொண்டு 'பிளாஸ்ஃபெமஸ்' என்ற விளையாட்டை 2019இல் வெளியிட்டபோது, அதன் மாந்தர் ஆங்கிலத்தில்தான் பேசினர். ஸ்பானியக் குரல் மறு ஆண்டில்தான் சேர்ந்தது. தமிழுக்கும் ஒரு தொடக்கம் உண்டு. கனடாவின் ரொறன்ரோவில் 'விசை' என்னும் குழு 2023இல் வெளியிட்ட 'வெண்பா', புலம்பெயர்ந்த தமிழ்க் குடும்பமொன்றின் கதை. இட்லியும் புட்டும் அவிப்பதே அதில் ஆட்டம். 2024இல் பிரித்தானியாவின் பாஃப்டா விருதையும் பெற்றது. மனம் நிறைந்தோம். ஆனால் அதன் உள்ளீடு, மகன் தமிழிலிருந்து விலகிப் போகும் தாயின் துயரம். உலகம் பாராட்டிய விளையாட்டிலும் நமது மொழி இழப்பின் மொழியாகத்தான் வந்து நிற்கிறது. செய்தவர்களைக் குறை சொல்லவில்லை. அவர்கள் கண்டதைச் சொன்னார்கள்.

இலங்கைத் தமிழர் ஒருகாலத்தில் விளையாட்டுக்குச் சொல் தேடத் தயங்கியவர்கள் அல்லர். கிரிக்கெட்டு வந்தபோது அந்த மட்டையைப் பார்த்த யாரோ ஒருவருக்குப் படகோட்டியின் துடுப்பு நினைவு வந்திருக்கவேண்டும். துடுப்பாட்டம் என்றனர். உதைபந்தாட்டம், கரப்பந்தாட்டம், வலைப்பந்தாட்டம், களத்தடுப்பு என்று சொற்கள் வரிசையாக வந்தன. இன்றும் மைதானத்து ஒலிபெருக்கியில் அவை கூச்சமின்றி ஒலிக்கின்றன. கையில் இருந்ததைக் கொண்டு புதியதைப் பிடித்த அந்தத் துணிவு எமது தலைமுறைக்கு வந்து சேரவில்லை போலும்.

அடுத்த வாரம் அந்தப் பையனை வகுப்பின் முன் நிறுத்தினோம். எழுதவேண்டாம், சொல்லு என்றோம். முதலில் கால்மாறி நின்றான். பிறகு தொடங்கினான். எதிரணிக் காவலர் இருவரையும் எப்படி 'உச்சினான்' என்று சொன்னான். மூலையிலிருந்து அடித்த பந்து "வாடைக்காத்தில போற வள்ளம் மாதிரிச் சரிஞ்சு சரிஞ்சு" போனதாம். உள்ளே விழுந்ததும் "வீச்சுவலை தண்ணியில விரியுமே சேர், அப்பிடி அந்த வலை பின்னுக்கு விரிஞ்சுது" என்றான். அவனுடைய தந்தை கடற்றொழிலாளி. பத்து நிமிடம் பேசினான். அந்தப் பத்து நிமிடத்தில் பிறமொழிச் சொல் கைவிரலுக்குள் அடங்கும். கடைசியில், இதற்குமேல் தாங்காது என்பவன்போல் கையை உயர்த்தி 'கோலாத்தோ' என்று கத்தினான். வகுப்பும் கத்தியது. அடுத்த அறை ஆசிரியை கதவடியில் வந்து எட்டிப் பார்த்தார்.

"வலை கிழியேல்லையோடா?" என்று பின்வாங்கிலிருந்து ஒருவன் கேட்டான். எல்லோரும் சிரித்தோம்.

சொன்னதை அப்படியே எழுதிக்கொண்டு வரச் சொன்னோம். மூன்று பக்கம் எழுதி வந்தான். பிழைகளைத் திருத்தினோம், அந்த ஒரு சொல்லைத் தொடவில்லை. ஆனால் சாதாரண தரப் பரீட்சையில் அதனை எழுதிவிடாதே, திருத்துகிறவர் யாரென்று தெரியாது என்று சொல்லித்தான் அனுப்பினோம். ஏன் என்று அவன் கேட்கவில்லை.