மாறாத கிராமம் யாருக்காக?

வியட்நாமின் ஹோய் ஆன் நகரை அடுத்த ட்ரா குவே காய்கறிக் கிராமத்துக்கு வழிகாட்டியுடன் சைக்கிளில் போனோம். ஆற்றுப்பாசியை உரமாக இட்ட கீரைப் பாத்திகள். தோளில் காவடித் தண்டு, இருபுறமும் பூவாளிகள். பத்து நிமிடம் நானும் நீர் ஊற்றினேன். பிறகு அந்தக் கீரைகளோடு சாப்பாடு. 2024இல் ஐ.நா. சுற்றுலா அமைப்பு சிறந்த சுற்றுலாக் கிராமங்களுள் ஒன்றாக இதை அறிவித்தது.

“எதுவுமே மாறவில்லை” என்று குழுவில் ஒருவர் மகிழ்ந்தார். நமக்குப் பத்து நிமிட விளையாட்டு, விவசாயிக்கு ஆயுள் முழுதும் சுமை. நாளை அவர் குழாய் போட்டுக்கொண்டால் நமக்கு ஏமாற்றமா? காசு கொடுத்துப் பார்ப்பதில் தவறில்லை. அந்தக் காசு அவருக்கு உதவும். ஆனால் பழையபடியே இருப்பதற்குத்தான் காசு என்றால், அது கூலியல்ல, தளை. விடுமுறையில் ஊர் திரும்பும் நாம், சொந்தக் கிராமத்திடமும் இதைத்தானே எதிர்பார்க்கிறோம்?