வேற்றுமைக்குள் உறைந்த உறவு

இயற்கையை உற்று நோக்குவோர் முதலில் காண்பது வேற்றுமையே. அறிவியல் இதுவரை விவரித்துள்ள உயிரினங்கள் 15 லட்சத்துக்கும் மேற்பட்டவை. ஒருமையை நாடும் சாதகருக்கு ஓர் ஐயம் எழலாம்: உயிர்களை இவ்வாறு பிரித்துப் பார்ப்பது மனத்தையும் பிரித்துவிடாதா?

தமிழில் மா, தெலுங்கில் மாமிடி, இந்தியில் ஆம் என வழங்கும் மரம், உலகெங்கும் உள்ள ஆய்வாளருக்கு ‘மாஞ்சிபெரா இண்டிகா’. முதற்சொல் பேரினத்தைச் சுட்டும். இரு சொற்களும் சேர்ந்து இனத்தைக் குறிக்கும். இம்முறையை நிலைபெறச் செய்தவர் ஸ்வீடன் நாட்டு அறிஞர் லின்னேயஸ்.

பெயரிடுவதோடு வகைப்பாடு நின்றுவிடுவதில்லை. 1758-இல் வெளிவந்த தமது நூலின் 10-ஆம் பதிப்பில், லின்னேயஸ் திமிங்கலத்தை மீன்களிடமிருந்து பிரித்துப் பாலூட்டிகளோடு சேர்த்தார். மீனைப் போன்ற வடிவம் புறத்தோற்றம். நுரையீரலால் மூச்சு விடுவதும் குட்டிக்குப் பால் ஊட்டுவதும் உள்ளியல்பு. 1859-இல் டார்வினின் நூல் வெளிவந்தபின் வகைப்பாடு வம்சாவளியாக விளங்கத் தொடங்கிற்று. இன்று மரபணுக்களை ஒப்பிட்டு, திமிங்கலத்தின் மிக நெருங்கிய உறவு நீர்யானை என்று காண்கிறார்கள். ஆக, அறிவியல் பிரிப்பது உறவை அறிவதற்கே.

ஆனால் அதே பதிப்பில் லின்னேயஸ் மனிதரையும் கண்டவாரியாக நான்காகப் பிரித்தார். ஐரோப்பியருக்கு உயர்ந்த குணங்களையும் ஆப்பிரிக்கருக்கு இழிந்த குணங்களையும் சூட்டினார். திமிங்கலத்தில் தோற்றத்தைக் கடந்து சென்ற பார்வை, மனிதரிடம் தோலின் நிறத்திலேயே நின்றுவிட்டது. இத்தகைய பிரிவினைகள் பின்னர் அடிமை முறைக்கு நியாயம் கற்பிக்கப் பயன்பட்டன. எந்த இரு மனிதரின் மரபணுத் தொகுதியும் 99 விழுக்காட்டுக்கு மேல் ஒத்திருப்பதை இன்று அறிவோம்.

தவறு வகுத்ததில் இல்லை. வகையை உயர்வு தாழ்வாக ஆக்கியதில் உள்ளது. பிறப்பைக் கொண்டு மனிதரைத் தரம் பிரித்த நம் சமுதாயமும் இதே தவற்றைச் செய்தது, இன்னும் செய்கிறது.

ஐதரேய உபநிடதமும் உயிர்களை வகுக்கிறது: முட்டையில் பிறப்பவை, கருப்பையில் பிறப்பவை, வியர்வையில் தோன்றுபவை, நிலம் பிளந்து முளைப்பவை. வியர்வையில் உயிர் தோன்றும் என்பதை இன்றைய அறிவியல் ஏற்பதில்லை. எனினும் வகுத்த கையோடு, அனைத்துக்கும் பேருணர்வே ஆதாரம் என்று அந்நூல் காட்டுவது சிந்தனைக்குரியது. மரபணு உறவும் ஆன்ம ஒருமையும் ஒன்றல்ல. ஆயினும் தோற்றத்தில் தங்கிவிடாதே என்பதே இரண்டும் புகட்டும் பாடம்.

புதியவர் ஒருவரின் பெயரையும் ஊரையும் கேட்டவுடன் நம் மனம் அவரை ஒரு பிரிவில் அடைக்க முற்படும். அந்தக் கணத்தில், ‘இவர் எந்தப் பிரிவினர்?’ என்பதை விடுத்து, ‘இவர் எனக்கு என்ன உறவு?’ என்று நம்மையே வினவப் பழகுவோம்.