நாடு பட்ட கடன்

2013-ஆம் ஆண்டு மே 29-ஆம் நாள் ஒகேனக்கல் குடிநீர் மற்றும் புளோரோசிஸ் தணிப்புத் திட்டம் தொடங்கி வைக்கப்பட்டது. பின்னர் ஒருநாள், பாலக்கோட்டுப் பக்கம் நாம் ஓதிக் கொடுத்துக் கொண்டிருந்த ஊரின் பள்ளிவாசல் குழாயிலும் காவிரித் தண்ணீர் வந்தது. மக்தபுப் பிள்ளைகள் முண்டியடித்துக் கொண்டு கைநீட்டினர். ஒரு சிறுவன் மட்டும் எட்ட நின்றான். "ஹஜ்ரத், இந்தத் தண்ணி ஜப்பான்காரங்ககிட்ட வட்டிக்குக் கடன் வாங்கிக் கொண்டு வந்ததுன்னு அத்தா சொன்னாங்க. இதிலே ஒளுச் செய்யலாமா?" என்று கேட்டான்.

தண்ணீரின் நிறம், மணம், சுவை இம்மூன்றும் மாறாதவரை அது சுத்தமானதே என்று சொல்லி அவனைக் குழாயடிக்கு அனுப்பி வைத்தோம். சட்டப்படி அந்த விடையில் பிழை இல்லை. ஆயினும், சிறுவன் கேட்டது தண்ணீரைப் பற்றி மட்டுமன்று என்பது அன்றிரவே நமக்கு உறுத்தியது.

தருமபுரியை அறியாத வாசகர்களுக்கு ஒரு வார்த்தை. மழை குறைந்த பாறை நாடு இது. கிணறுகள் வற்ற வற்ற ஆழ்துளைக் குழாய்களை ஆழமாக இறக்கினோம். பாறையில் உள்ள புளோரைடு அந்நீரில் கரைந்து வந்தது. லிட்டருக்கு ஒன்றரை மில்லிகிராமுக்கு மேல் அது இருக்கலாகாது என்பது கணக்கு; பல ஊர்களில் அந்த வரம்பு கடந்திருந்தது. பிள்ளைகளின் பற்களில் பழுப்புக் கறை ஏறும். ஆண்டுகள் செல்லச் செல்ல மூட்டும் முதுகும் இறுகும். 'ஸா', 'தால்', 'ழா' ஆகிய மூன்றெழுத்துக்களையும் நாநுனி மேற்பல்லின் முனையைத் தொட ஓத வேண்டும். வாயைத் திறந்தால் கறை தெரியுமென்று கையால் பொத்திக்கொண்டே ஓதிய பெண்பிள்ளைகளுக்கு நாம் பாடம் சொல்லியிருக்கிறோம். தஜ்வீது கெட்டது என்று கண்டிக்க நமக்கு மனம் வந்ததில்லை.

ஏறத்தாழ 1,928 கோடி ரூபாய் என்று மதிப்பிடப்பட்ட இத்திட்டத்தின் பெரும்பகுதிக்கு ஜப்பானிய அரசின் கடன் நிறுவனம் பணம் கொடுத்தது. முதல் ஒப்பந்தம் 2008 மார்ச்சில் ஆயிற்று. குறைந்த வட்டி, நீண்ட தவணை. மாநிலங்கள் இந்தியாவுக்குள் மட்டுமே கடன் வாங்கலாம் என்று அரசியல் சட்டத்தின் 293-ஆவது பிரிவு கூறுவதால் கையெழுத்திட்டது மைய அரசு, செலவிட்டது மாநில அரசு, குடிப்பவர்கள் நாம். அன்று மக்தபில் ஓதிய பிள்ளைகள் உழைத்துப் பொருளீட்டும் காலத்திலும் அதன் தவணை சென்றுகொண்டிருக்கும். அப்படியானால் கடனாளி யார்? வாங்கும்போது இல்லாதவன் மீது, கேட்கப்படாதவன் மீது, கடன் எப்படி ஏறும்?

நமது பிக்ஹு நூல்களைப் புரட்டினால் இதற்கு நேரான மஸ்அலா கிடைக்காது. ஆனால் வழி கிடைக்கும். இறந்தவனின் கடன் அவன் விட்டுச் சென்ற சொத்திலிருந்தே தீர்க்கப்படும். சொத்து போதாதெனில் பிள்ளை தன் கைப்பொருளிலிருந்து தர வேண்டுமென்ற கட்டாயம் இல்லை. தந்தால் அது அவனது நன்றி. இந்த அளவுகோலை நாட்டின் மீது வைத்துப் பாருங்கள். வாங்கிய பணம் குழாயாகவும் தண்ணீராகவும் நிற்குமானால், வருகின்ற தலைமுறை கடனோடு சொத்தையும் பெறுகிறது. அவர்களிடம் தவணை கேட்பதில் அநியாயம் இல்லை. வாங்கிய பணம் வெடிமருந்தாகவும் விருந்தாகவும் போயிருந்தால், அவர்கள் பெறுவது வெறும் ஓலைச்சீட்டு. ஆனால் உலகச் சந்தையில் இவ்விரண்டு கடன்களுக்கும் வேறுபாடு இல்லை. இரண்டும் ஒரே தராசில் நிற்கின்றன.

இன்னொன்று. திருமறையிலேயே மிக நீண்ட வசனம் கடன் எழுதுவது பற்றியது. அல்பகரா அத்தியாயத்தில் உள்ளது. மத்ரஸாவில் அதை ஓதிய நாளில் அதன் ஒரு நுட்பம் நமக்குப் படவில்லை. பத்திரத்தின் வாசகத்தைச் சொல்ல வேண்டியவன் கடன் கொடுப்பவன் அல்லன், வாங்குபவன். அவன் சொல்ல இயலாத பலவீனன் எனில் அவனுடைய பொறுப்பாளன் நீதியுடன் சொல்ல வேண்டும். பிறவாத பிள்ளைகளுக்குப் பொறுப்பாளன் யார்? அரசு. அரசு அவர்களுக்காகப் பேசுகிறதா, தன் அடுத்த தேர்தலுக்காகப் பேசுகிறதா என்பதே கேள்வி.

நாடுகள் முடை வந்து பன்னாட்டு நாணய நிதியத்தின் வாசலுக்குச் செல்லும்போது வாசகம் சொல்லும் வாய் பெரும்பாலும் மாறிவிடுகிறது. 1991-இல் இந்தியாவின் கையிருப்பு சில வாரங்களின் இறக்குமதிக்கு மட்டுமே போதுமானதாக இருந்தது. மே மாதம் 20 டன் தங்கம் விற்கப்பட்டது. ஜூலையில் ஏறத்தாழ 47 டன் அடகு வைக்கப்பட்டது. அதே ஜூலையின் முதல் வாரத்திற்குள் இருமுறை ரூபாயின் மதிப்பு குறைக்கப்பட்டது. மகளின் வளையலைச் சேட்டுக் கடையில் வைத்துவிட்டு வீடு திரும்பும் தகப்பனின் முகத்தை அந்நாட்களில் செய்தித்தாளிலேயே கண்டோம். நாடு அதிலிருந்து மீண்டது. மீட்சிக்கு அந்நிபந்தனைகளும் காரணம் என்பாரின் வாதத்தை நாம் தள்ளிவிடவில்லை.

இலங்கை மீண்டு வரும் பாதை இன்னும் முட்கள் நிறைந்தது. 2019 டிசம்பரில் பெறுமதி சேர் வரியை 15 விழுக்காட்டிலிருந்து 8 ஆகக் குறைத்தனர், கைதட்டல் கிடைத்தது. 2022 ஏப்ரல் 12-இல் வெளிநாட்டுக் கடனைச் செலுத்துவது நிறுத்தப்பட்டது. நிதியத்தின் உதவி 2023 மார்ச்சில் கிட்டியது. 2024 ஜனவரியில் அதே வரி 18 ஆயிற்று. வரி குறைத்தவரைக் கேட்டு யாரும் மின்கட்டணத்தை உயர்த்தவில்லை. குப்பி விளக்கை மறுபடி தேடி எடுத்த வீடுகளே அதைச் செலுத்தின. 2023-இல் உள்நாட்டுக் கடனைச் சீரமைத்தபோது, வங்கிகள் வைத்திருந்த அரசுப் பத்திரங்கள் தொடப்படவில்லை. தொழிலாளரின் ஊழியர் சேமலாப நிதியின் மீதே சுமை இறங்கியது. வலியவனுக்கு அவகாசம், எளியவனுக்குத் தவணை என்றால் அதை எந்த மத்ஹபில் சேர்ப்பது?

நிபந்தனையே கூடாது என்று நாம் சொல்ல வரவில்லை. கடன் மூழ்கியவனின் கையைக் காஜி கட்டிப்போடலாம் என்பது ஷாபிஈ மத்ஹபின் சட்டம். இமாம் அபூஹனீபா (ரஹ்) அதற்கு ஒப்பவில்லை. அவர்களுடைய இரு மாணவர்களான அபூயூசுபும் முஹம்மதும் (ரஹ்) ஒப்பினர். ஒப்பியவர்களும், அவன் உடுத்தும் துணியையும் அன்றாட உணவையும் விட்டுவைக்கச் சொன்னார்கள். அதைவிட முக்கியம், கையைக் கட்டுபவர் காஜி. கடன் கொடுத்தவன் அல்லன். உலக நாடுகளிடையே அந்தக் காஜி இல்லை. திவாலான வணிகனுக்கு நீதிமன்றம் உண்டு. திவாலான நாட்டுக்கு இல்லை. இந்நூற்றாண்டின் தொடக்கத்தில் அப்படியொரு முறையை நிதியமே முன்வைத்தது. 2003-இல் அது கைவிடப்பட்டது.

நீதிபதி இல்லாத இடத்தில் என்ன நடக்கும் என்பதை உதுமானியப் பேரரசு கண்டது. 1854-இல் போருக்காகத் தொடங்கிய வெளிநாட்டுக் கடன் 1875-இல் செலுத்த முடியாமல் போயிற்று. 1881-இல் கடன் கொடுத்தவர்களின் சபையே உப்பு, புகையிலை, பட்டு ஆகியவற்றின் வருவாயை நேரே வசூலிக்க உட்கார்ந்தது. சுல்தானின் பெயரால் குத்பா ஓதப்பட்டது. உப்பின் வரியோ சபைக்குப் போயிற்று. அதே ஐரோப்பாதான் 1953-இல் இலண்டனில் கூடி மேற்கு ஜெர்மனியின் கடனில் ஏறத்தாழப் பாதியைத் தள்ளிக் கொடுத்தது. ஏற்றுமதியில் மிச்சம் பிடித்துத் தவணை கட்டவும் இடம் வைத்தது. மனமிருந்தால் வழி தெரியாமலில்லை.

கடன் வைத்து இறந்தவரின் ஜனாஸாவைத் தொழவைக்க நபிகள் நாயகம் (ஸல்) தயங்கினார்கள். தோழர் ஒருவர் பொறுப்பேற்ற பின்பே தொழவைத்தார்கள். பிற்காலத்தில் செல்வம் வந்தபோது, இல்லாதவர் விட்டுச்செல்லும் கடனைத் தாமே ஏற்பதாக அறிவித்தார்கள். ஏழையின் கடனைப் பொதுநிதி சுமந்த வரலாறு அது. பொதுநிதியின் கடனை ஏழை சுமக்கும் காலத்தில் நாம் இருக்கிறோம்.

வட்டியைப் பற்றி நமது நிலை வாசகர்கள் அறிந்ததே. குறைந்த வட்டி என்பதால் அது வேறாகிவிடாது. எனினும் கறைபடிந்த பற்களோடு நின்ற பிள்ளைகளை எண்ணும்போது, அந்த ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டவர்களைப் பழிக்க நமக்கு நாவெழவில்லை. வட்டியில்லாமல் கொடுக்க முன்வந்த கை எது என்று கேட்டால், நம்மிடம் பதில் இல்லை.

அந்தச் சிறுவன் இப்போது ஓசூரில் ஒரு தொழிற்சாலையில் வேலை செய்கிறான். சென்ற பெருநாளுக்கு ஊர் வந்தவனிடம் பழைய கேள்வியை நினைவூட்டினோம். "அப்படியா கேட்டேன், ஹஜ்ரத்?" என்று சிரித்தான். அன்று நாம் சொன்னது பாதி விடைதான் என்றோம். மீதி என்னவென்று கேட்டான். தொழுகைக்கு நேரமாகிவிட்டது, இருவரும் குழாயடிக்கு நடந்தோம்.