எந்தப் பக்கம்?

தர்மபுரியில் என் வீட்டு மாடி காலியானதும் வாசலில் பலகை மாட்டினேன். மறுநாளே தரகர் ஓர் இளைஞரை அழைத்து வந்தார். வங்கியில் குமாஸ்தா, அடக்கமான பிள்ளை. என் கதைகளைப் படித்திருப்பதாக வேறு சொன்னார். (அதைக் கேட்டு இளகாத எழுத்தாளன் உண்டா?) "சொந்த ஊர் எது தம்பி?" என்றேன். சொன்னார். "அதில் எந்தப் பக்கம்?" என்றும் கேட்டுவிட்டேன்.

"காலனிங்க சார்."

"வீட்டில் கலந்துகொண்டு சொல்கிறேன்" என்றேன். கலந்துகொள்ளவும் இல்லை, சொல்லவும் இல்லை.

கலப்பு மணத்தை ஆதரித்து மூன்று நாவல்கள் எழுதியவன் நான்! 'வீடு என்னுடையது, யாருக்கு விடுவதென்பது என் இஷ்டம்' என்று மனசு வாதாடியது. வாதத்தில் நியாயம் இல்லாமலும் இல்லை. அமெரிக்காவில் வீட்டுவசதியில் நிறபேதம் கூடாதென்று 1968-ல் வந்த சட்டமே, தான் குடியிருக்கும் வீட்டில் ஒரு பகுதியை வாடகைக்கு விடும் சிறிய சொந்தக்காரருக்கு விலக்கு அளித்தது. அதற்குப் 11 வருஷம் முன்பு, பென்சில்வேனியாவின் லெவிட்டவுனில் முதல் கறுப்பினக் குடும்பம் வீடு வாங்கிக் குடிவந்தபோது, திரண்டு வந்து கல்லெறிந்தவர்களும் அக்கம்பக்கத்துக் குடும்பஸ்தர்கள்தான்.

நான் கல்லெறியவில்லையே என்று ஆறுதல் கொள்ளப் பார்த்தேன். முடியவில்லை. நத்தம் காலனி இங்கிருந்து அதிக தூரமில்லை. 2012 நவம்பர் 7-ஆம் தேதி, ஒரு கலப்பு மணத்தைச் சாக்கிட்டு, அங்கும் அண்ணா நகரிலும் கொண்டம்பட்டியிலும் 200-க்கு மேற்பட்ட வீடுகளைக் கொளுத்தியும் சூறையாடியும் தீர்த்தார்கள். வந்த கூட்டம் யார் வீடு எது என்று விசாரிக்க வேண்டியிருக்கவில்லை. ஊர் ஒரு பக்கம், காலனி ஒரு பக்கம் என்று எப்போதோ பிரித்து வைத்தாகிவிட்டது. அங்கிருந்து ஒரு பிள்ளை படித்து, உத்தியோகமாகி, டவுனில் மாடி தேடி வந்தால், 'எந்தப் பக்கம்?' என்று கேட்டு அந்தப் பக்கத்துக்கே அனுப்ப நான் இருக்கிறேன்.

சர்க்கார் 1998-ல் சமத்துவபுரம் திறந்தது. 100 வீட்டில் 40 தாழ்த்தப்பட்டோருக்கு என்று கணக்கு வைத்தது. என் மாடிக்கு அப்படிக் கணக்கு ஏது?

பத்து நாளில் வேறொரு குடும்பம் குடிவந்தது. பிறகொரு நாள் பஸ் ஸ்டாண்டில் அந்த இளைஞர் எதிர்ப்பட்டார். முகத்தைத் திருப்பிக்கொள்வார் என்று நினைத்தேன். வணக்கம் சொன்னார்.

"மாடிக்கு ஆள் வந்துட்டாங்களா சார்?"

"வந்துட்டாங்க தம்பி."

அவர் எங்கே தங்கியிருக்கிறார் என்று நான் கேட்கவில்லை.