பழி கழியும் காலம்

கொச்சியிலிருந்து தொண்டிக்குப் போகும் 85-ஆம் எண் தேசிய நெடுஞ்சாலை, அடிமாலியைத் தாண்டி வளைந்து வளைந்து பள்ளிவாசல் என்ற ஊருக்கு ஏறுகிறது. ஒரு பக்கம் தேயிலைச் சரிவு, மறுபக்கம் பள்ளம். இந்தப் பகுதியில் கே.எல். 68 எண் தாங்கிய ஜீப்புகளில் சுற்றுலாப் பயணிகளை ஏற்றிச் செல்வோரில் பலர், கொழுந்து கிள்ள மலையேறிய தமிழ்க் குடும்பங்களின் பேரப்பிள்ளைகள். எஸ்டேட்டை விட்டு வந்தவருக்கு லைசென்ஸ்தான் சொத்து. அதில் ஒரு குற்றம் ஏறினால் எத்தனை காலம் நிற்கும் என்பது அவருக்கு அடுத்த சீசனின் சோற்றுக் கேள்வி.

1988-ஆம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டத்தின் 25-ஆம் பிரிவு இதற்குப் பதில் சொல்கிறது. லைசென்ஸில் குறிக்கப்பட்ட குற்றம், புதிய லைசென்ஸ் எடுத்தாலும் கூடவே வரும். டூப்ளிகேட் வாங்கியும் தப்ப முடியாது. ஆனால் 3 ஆண்டுகள் தொடர்ந்து வேறு குறிப்பு ஏறாமல் இருந்தால், பழையதை ஒப்படைத்து 5 ரூபாய் கட்டி, கறையில்லாத லைசென்ஸைக் கேட்டுப் பெறலாம். வேக வரம்பை மீறியது மட்டுமே குற்றமென்றால் 1 ஆண்டு போதும்.

அந்தப் பிரிவில் ஒரு நிபந்தனையும் உண்டு. லைசென்ஸ் முடக்கப்பட்டிருந்த காலம் இந்தக் கணக்கில் சேராது. 6 மாதத் தடை என்றால், அந்த 6 மாதத்தைத் தள்ளிவிட்டுத்தான் 3 ஆண்டை எண்ண வேண்டும். முதல் வாசிப்பில் இது கொடுமையாகத் தெரியும். பிழைப்பை இழந்து வீட்டில் கிடந்த நாட்களைக்கூடவா சேர்த்துக்கொள்ளக் கூடாது? யோசிக்க யோசிக்க, மனிதனை நன்கு அறிந்த ஒருவர் எழுதிய வரி என்றே படுகிறது. வண்டியைத் தொடாமல் இருந்தவர் அந்த நாட்களில் தவறு செய்யவில்லைதான். செய்ய வழியும் இல்லையே. மழையும் மூடுபனியும் சேர்ந்த மாலையில், முன்னால் ஊர்ந்து போகும் பஸ்ஸை வளைவிலேயே முந்திவிடக் கை துடிக்கும்போது, முந்தாமல் பின்னாலேயே போகிறாரே, அந்த நேரம்தான் கணக்கில் வருகிறது. காலம் எல்லாவற்றையும் ஆற்றும் என்று நாம் சொல்லிக்கொள்கிறோம். சட்டம் அப்படி நம்பவில்லை. தண்டனை அனுபவித்த காலத்தையும் திருந்திய காலத்தையும் அது ஒன்றாக எண்ணுவதில்லை. மனம் மாறியது, அதே சாலையில் அதே ஸ்டியரிங்கைப் பிடிக்கும்போதுதான் வெளிப்படும். வேலைக்குத் திரும்பவே விடாமல் ஒருவரைத் திருந்தச் சொல்வதில் அர்த்தமில்லை என்பதும் இதற்குள்ளேயே அடக்கம்.

எல்லாக் குற்றத்துக்கும் ஒரே அளவு சரியாகாது. பிரிட்டனில் சாதாரண விதிமீறல் 4 ஆண்டுகளும், குடித்துவிட்டு ஓட்டியது 11 ஆண்டுகளும் பதிவில் நிற்கின்றன. உயிரே போன விபத்தென்றால், செத்தவரின் வீட்டுக்குப் போய் 3 ஆண்டுக் கணக்கைச் சொல்ல எனக்கு வாய் வராது.

ஆனால் பெரும்பாலான குற்றங்கள் அப்படிப்பட்டவை அல்ல. 2024-இல் மூணாறு கேப் ரோட்டில், ஓடும் காரின் ஜன்னலில் உட்கார்ந்து வாலிபர்கள் கூத்தடித்த வீடியோக்கள் பரவின. மோட்டார் வாகனத் துறை ஓட்டியவர்களின் லைசென்ஸைத் தடை செய்தது. செய்ய வேண்டியதுதான், அந்தச் சாலையில் ஒரு கல் புரண்டால் போதும். தடைக்கு ஒரு முடிவுத் தேதி உண்டு. வீடியோவுக்கு இல்லை. இருபது வயதில் செய்தது நாற்பது வயதிலும் கைபேசியில் ஓடிக்கொண்டிருக்கும்.

இயந்திரத்தின் நினைவு அப்படித்தான். கேரளத்தில் 2023 ஜூன் 5 முதல் ஏ.ஐ. கேமராக்கள் அபராதம் விதிக்கத் தொடங்கின. தடை செய்யப்பட்ட லைசென்ஸ்களின் விவரத்தைத் தேதிவாரியாக இணையத்தில் பதியும் விதி, 2020 அக்டோபரிலிருந்தே இருக்கிறது. பதிவது தானாக நடக்கிறது. கழிப்பதற்கு மட்டும் ஓட்டுநர் போய்க் கேட்க வேண்டும். அப்படியொரு உரிமை இருப்பது எத்தனை ஜீப்காரர்களுக்குத் தெரியும்? குற்றம் நடந்த தேதியைக் காட்டும் அதே பக்கம், கறையில்லாத லைசென்ஸ் கேட்கும் உரிமை பிறக்கும் தேதியையும் காட்டலாம். அந்த நாள் வந்ததும் கைபேசிக்கு ஒரு செய்தி அனுப்பலாம். இந்த மலைப்பகுதி அடங்கிய தேவிகுளம் தாலுகாவில் அதைத் தமிழிலும் அனுப்பலாம்.