காணாமல் உழைப்பவரும் காணத் தவறுபவரும்



வீட்டில் குழம்பு ருசியாயிருக்கும் நாளில் நாம் பேசாமல் சாப்பிட்டு எழுந்துபோகிறோம். உப்புக் கூடிப்போன நாளில்தான் “இன்று யார் சமைத்தது?” என்று கேட்கிறோம். காரியம் நன்றாய் நடந்தால் பெயரில்லை, தவறினால் மாத்திரம் பெயருண்டு என்கிற இந்த ஏற்பாடு நியாயந்தானா? பிறர் கண்ணில் படாமல் உழைப்பது மேலான குணம் என்று நம் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுக்கிறோம். அது சரியே. ஆனால் அப்படி உழைப்பவரைக் காணாமலிருக்க நமக்கு உரிமை உண்டா? இவ்விரண்டு கேள்விகளும் ஒன்றுபோலத் தோன்றும், ஆனால் ஒன்றல்ல. இவற்றைப் பிரித்தறிய, நமக்குப் பழக்கமில்லாத தூரதேசத்து விளையாட்டு ஒன்றில் வாழ்நாளைக் கழித்த ஒருவரின் கதை உதவும். பொறுமையோடு வாசியுங்கள்.

அமெரிக்கக் கால்பந்து என்பது நாம் அறிந்த கால்பந்து அன்று. பெயரில்தான் கால் இருக்கிறது. பந்தைப் பெரும்பாலும் கையில் ஏந்தி ஓடுவதும், கையால் எறிந்து பிடிப்பதுமே ஆட்டம். பக்கத்துக்கு 11 பேர். பந்தை எறிகிறவருக்குக் குவார்ட்டர்பேக் என்று பெயர். அவருக்கு முன்னே ஐந்து பேர் வரிசையாய்க் குனிந்து நிற்பார்கள். நடுவில் நிற்பவர் சென்டர், அவருக்கு இருபுறமும் கார்டுகள், அவர்களுக்கு வெளியே டாக்கிள்கள். ஆட்டம் தொடங்கிய கணமே எதிர்ப்பக்கத்துப் பலசாலிகள் பாய்ந்து வருவார்கள். பின்னே நிற்பவர் பந்தை எறிவதற்குச் சில விநாடி அவகாசம் வேண்டும். அந்தச் சில விநாடிகளைத் தங்கள் உடம்பால் விலைகொடுத்து வாங்கித் தருவதே இந்த ஐவரின் வேலை.

முன்னோக்கி எறியப்படும் பந்தைப் பிடிக்கச் சாதாரணமாக இவர்களுக்கு விதிப்படி அனுமதியில்லை. எறிந்தவருக்கும் பிடித்தவருக்கும் ஓடினவருக்கும் கணக்கு எழுதப்படும். எதிரியை மறித்து நின்றவருக்கு அப்படி எழுத ஒன்றுமில்லை. எதிராளியைப் பிடித்து இழுத்தோ, குறித்த கணத்துக்கு முன் அசைந்தோ குற்றம் செய்தால், நடுவர் அவருடைய எண்ணைச் சொல்லி அறிவிப்பார். அரங்கத்திலுள்ள ஆயிரக்கணக்கானோர் அவரை நினைத்துப்பார்ப்பது அப்போதுதான். நம் வீட்டுக் குழம்பு உப்பின் கதையேதான் இதுவும்.

இந்த வரிசையில் நின்ற ஒருவர் சக் நோல். 1932-ம் ஆண்டு ஓஹையோ மாகாணத்துக் கிளீவ்லண்ட் நகரில் ஒரு கத்தோலிக்கக் குடும்பத்தில் பிறந்தார். தகப்பனார் இறைச்சி வெட்டும் தொழிலாளி. நடுக்குவாத நோயினால் அவருக்குப் பலமுறை வேலை செய்ய இயலாமற்போயிற்று. ஆகையால் சிறுவன் படிக்கும்போதே கூலிவேலை செய்து, பெனடிக்டைன் உயர்நிலைப் பள்ளியில் தன் சம்பளத்தைத் தானே கட்டினான். பிறகு நோட்டர் டேம் கலாசாலைக்குப் போனான். அங்கே ஒருமுறை வலிப்பு வந்ததால், அவனை ஆடவிடுவது அபாயம் என்று மறுத்துவிட்டார்கள். மனம் தளராமல் மரியானிஸ்ட் சபையார் நடத்தும் டேட்டன் கலாசாலையில் சேர்ந்து ஆடினான். ஆட்ட நுணுக்கத்தில் தவறே செய்யாதவன் என்று தோழர்கள் அவனுக்கு வேடிக்கையாய் இட்ட பட்டப்பெயர் ‘பாப்பு’ என்பதாகும்!

1953-ல் கிளீவ்லண்ட் பிரௌன்ஸ் கழகம் அவரைச் சேர்த்துக்கொண்டது. அவ்வாண்டுத் தேர்வில் 200-க்கு மேற்பட்டவர்களின் பெயர்கள் வாசிக்கப்பட்ட பின்னர்தான் அவர் பெயர் வந்தது. கார்டு வேலைக்கு உடல் பருமன் போதாதவர். அக்கழகத்தின் பயிற்சியாளர் பால் பிரௌன் கெட்டிக்காரர். ஒவ்வோர் ஆட்டத் துணுக்கையும் தாமே தீர்மானிப்பார். அதைக் குவார்ட்டர்பேக்குக்குத் தெரிவிக்க இரண்டு கார்டுகளை மாற்றி மாற்றி அனுப்புவார். ஒருவர் ஓடிப்போய்ச் சேதியைச் சொல்லி, எதிரியோடு மோதிவிட்டு வெளியே ஓடிவருவார். உடனே அடுத்தவர் அடுத்த சேதியோடு உள்ளே ஓடுவார். இப்படி ஓடினவர்களில் நோலும் ஒருவர். இக்காலத்தில் தலைக்கவசத்துக்குள் வைக்கப்பட்ட சிறு வானொலி செய்யும் வேலையை அன்று இந்த மனிதர்கள் செய்தார்கள்.

1954, 1955 ஆகிய இரண்டு ஆண்டுகளிலும் அக்கழகம் வாகை சூடியது. புகழெல்லாம் எறிந்தவருக்கும் திட்டமிட்டவருக்கும் போயிற்று. நோல் முணுமுணுத்ததாகச் சரித்திரமில்லை. ஆனால் அந்தச் சேதி சுமக்கும் வேலை அவருடைய தன்மானத்தைச் சுட்டது என்று, பிற்காலத்தில் அவரை வேலைக்கு அமர்த்திய குடும்பத்தாரே சொல்லியிருக்கிறார்கள். சிந்தனை செய்யத் தெரிந்த ஒருவரைப் பிறர் சிந்தனையைச் சுமக்க மாத்திரம் வைத்திருந்தார்கள். மறைந்து உழைப்பது அவருக்குக் கசக்கவில்லை. மனிதனாக எண்ணப்படாததே கசந்தது. வாசகரே, இந்த வித்தியாசத்தை மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

27 வயதில் ஆட்டத்தை விட்டுவிட்டு, 1960 முதல் ஒன்பது ஆண்டுகள் உதவிப் பயிற்சியாளராயிருந்தார். 1969 ஜனவரியில் பிட்ஸ்பர்க் ஸ்டீலர்ஸ் கழகத்துக்குத் தலைமைப் பயிற்சியாளரானார். அந்தக் கழகம் 1933-ல் ஆரம்பமானது. அதுவரை ஒருமுறையேனும் வாகை சூடியதில்லை. நோலின் முதல் ஆண்டில் முதல் ஆட்டத்தில் வெற்றி, அதற்குப்பின் வரிசையாக 13 தோல்விகள்! வேறொருவராயிருந்தால் ஆட்டக்காரர்கள்மேல் சீறி விழுந்திருப்பார். இவரோ ஓர் ஆசிரியரைப்போல, கால் எங்கே ஊன்றவேண்டும், கை எப்படி நீளவேண்டும் என்று ஆட்டத்தின் அரிச்சுவடியிலிருந்து சொல்லிக்கொடுத்தார். எதிரியை வேண்டுமென்றே உள்ளே வரவிட்டு, பக்கவாட்டில் ஓடிவரும் கார்டு அவரைச் சாய்த்து வழிதிறக்கும் தந்திரம் அவருக்கு மிகப் பிரியமானது. ஆட்களின் பருமனைக் காட்டிலும் விரைவும் அறிவும் வேண்டிய வேலை அது. 1975 ஜனவரியில் முதல் சூப்பர் பௌல் வெற்றி. பின்னர் 1976, 1979, 1980 என்று மொத்தம் நான்கு.

நம் கேள்விக்கு இந்த வெற்றிகளைவிட வேறு இரண்டு விஷயங்கள் முக்கியம். முதலாவது, தாம் பட்டதை இவர் பிறர்மேல் சுமத்தவில்லை. சேதிக்காரர்களை ஓடவைக்காமல், இன்ன ஆட்டம் ஆடலாம் என்று தீர்மானிக்கும் பொறுப்பைத் தம் குவார்ட்டர்பேக்கிடமே விட்டுவிட்டார். இரண்டாவது, பந்தாட்டம் உங்கள் வாழ்க்கைத் தொழில் அன்று, அதற்குப்பின் நீங்கள் செய்யவேண்டிய வேலை காத்திருக்கிறது என்று ஆட்டக்காரர்களுக்கு ஓயாமல் சொல்லிவந்தார். கழகத்திலிருந்து ஒருவரை நீக்கும்போதும் இந்தச் சொல்லோடுதான் அனுப்புவார். கருவியாக நடத்தப்பட்டவர், தம்மிடம் வந்தவர்களைக் கருவிகளாக நினைக்க மறுத்தார் என்பதே இதற்குப் பொருள்.

இத்துடன் கட்டுரையை முடித்தால் மனதுக்கு இதமாயிருக்கும். ஆனால் உண்மை அத்துடன் முடியவில்லை.

1974-ல் நோல் சேர்த்துக்கொண்டவர்களில் மைக் வெப்ஸ்டர் என்னும் சென்டர் ஒருவர். இவரும் சென்டர் வேலைக்குப் பருமன் போதாதவர் என்று எண்ணப்பட்டவர், ஐந்தாம் சுற்றில் எடுக்கப்பட்டவர். பிட்ஸ்பர்க்கில் 15 ஆண்டுகள், பின்பு வேறொரு கழகத்தில் 2 ஆண்டுகள் ஆடினார். ஒவ்வோர் ஆட்டத் துணுக்கிலும் எதிரியோடு மோதுவதே அவர் தொழில். நான்கு வெற்றிகளிலும் அவருக்குப் பங்குண்டு. ஆட்டம் ஓய்ந்தபின் அவருடைய நினைவு தடுமாறிற்று, புத்தி கலங்கிற்று, கைப்பொருள் கரைந்தது. சில காலம் தம் வண்டியிலேயே படுத்துறங்கினார். 2002 செப்டம்பரில் 50-ம் வயதில் இறந்தார்.

பிட்ஸ்பர்க்கில் அவருடைய சடலத்தைப் பரிசோதித்தவர் நைஜீரியாவில் பிறந்த டாக்டர் பென்னட் ஒமலு. மூளை பார்வைக்குச் சாதாரணமாகவே இருந்தது. இத்தனை கஷ்டப்பட்ட மனிதரின் மூளையில் ஒன்றுமில்லை என்று நம்ப அவருக்கு மனம் வரவில்லை. தம் சொந்தச் செலவில் அதை மெல்லிய துண்டங்களாக்கி நுண்நோக்கியில் பார்த்தார். திரும்பத் திரும்பப் பட்ட அடிகளால் டௌ என்னும் புரதம் கண்டபடி படிந்து மூளை நாசமாகியிருப்பதைக் கண்டார். மயங்கி விழச்செய்யும் பெரிய அடி ஒன்று வேண்டும் என்பதில்லை. அன்றாடம் எவரும் கணக்கெடுக்காத சிறு சிறு அடிகள் சேர்ந்தே இந்நோயைக் கொண்டுவரக்கூடும். 2005-ல் ஒமலு இதை எழுதி வெளியிட்டார். விளையாட்டு லீக்கைச் சேர்ந்த வைத்தியர் சிலர் அந்தக் கட்டுரையைத் திரும்பப் பெறவேண்டும் என்று பத்திரிகைக்கு எழுதினார்கள். 2016-ல்தான், அமெரிக்கப் பிரதிநிதிகள் சபைக் கமிட்டியின் கூட்டமொன்றில், அந்த விளையாட்டுக்கும் இந்த நோய்க்கும் சம்பந்தமுண்டு என்று லீக்கின் உயர் அதிகாரி ஒருவர் ஒப்புக்கொண்டார்.

பார்த்தீர்களா? அந்த வரிசைக்காரரின் உழைப்பு கண்ணுக்குப் படவில்லை. ஆகையால் அவர் பட்ட அடியும் கண்ணுக்குப் படவில்லை. உழைப்பைக் காணாத கண் காயத்தையும் காணாது. இதுவே நம் கேள்வியின் மையம்.

“அவர்களாக விரும்பி வந்ததுதானே? சம்பளமும் வாங்கினார்களே!” என்று ஒருவர் கேட்கலாம். வாஸ்தவம். ஆனால் ஒருவர் மனமுவந்து கொடுப்பது, வாங்குகிறவரின் கடமையை ரத்து செய்துவிடாது. சம்பளம் வேலைக்குக் கூலி. வேலை செய்கிற மனிதர் நலமாயிருக்கிறாரா என்று பார்ப்பது சம்பளத்தோடு தீர்ந்துபோகிற கடன் அன்று. அன்றியும், தாம் எதைக் கொடுக்கிறோம் என்பதை வெப்ஸ்டர் அறியார். அறியாமல் கொடுத்ததை மனமுவந்து கொடுத்தது என்று சொல்வது நேர்மையாகாது.

நோலைக் குற்றஞ்சாட்ட நான் எழுதவில்லை. அவர் காலத்தில் இந்த நோயின் தன்மை அமெரிக்கக் கால்பந்து உலகத்துக்குத் தெரியாது. அதிலும் ஒரு செய்தி குறிப்பிடத்தக்கது. அவருடைய கடைசி ஆண்டுகளில், தலையில் அடிபட்ட குவார்ட்டர்பேக் ஒருவர் ஆடக்கூடாது என்று கழகத்து வைத்தியர் ஜோசப் மரூன் தடுத்தார். நோலுக்கு அந்த ஆளை ஆடவிடத்தான் ஆசை. ஆனாலும் அதட்டி மீறாமல், வெறும் அபிப்பிராயம் போதாது, அளந்து காட்டக்கூடிய ஆதாரம் வேண்டும் என்று கேட்டார். அந்தக் கேள்வியை வைத்தியர் மனதில் வாங்கிக்கொண்டார். ஆட்டக்காரரின் நினைவுத்திறனை அடிபடுவதற்கு முன்னும் பின்னும் சோதித்து ஒப்பிடும் முறையை வேறொரு நிபுணரோடு சேர்ந்து உண்டாக்கினார். இன்று அது பள்ளிப் பிள்ளைகளுக்கும் பயன்படுகிறது. நோல் கேட்டதன் நோக்கம் பாதி தம் கழகத்தின் வெற்றியாயிருக்கலாம். இருந்தாலும் கேட்டார். கேட்டதால் காணப்படாதது கொஞ்சம் காணப்பட்டது. அவர் 1991-ல் ஓய்வுபெற்று, 2014 ஜூன் மாதத்தில் 82-ம் வயதில் காலமானார்.

ஆகவே நம் முதற்கேள்விக்கு விடை இது: காணப்படாமல் உழைப்பது மேன்மையே, ஆனால் அது உழைக்கிறவர் தாமே தமக்குத் தேர்ந்துகொள்ளவேண்டிய மேன்மை. இரண்டாவதற்கு விடை: அந்த உழைப்பை உண்டு வாழ்கிறவர் அதைக் காணாதிருக்க உரிமையில்லை. “அடக்கமாயிரு” என்று நான் எனக்குச் சொல்லிக்கொண்டால் அது புண்ணியம். என் மனைவியிடமோ வேலைக்காரரிடமோ அதையே சொல்லி, அவர்கள் களைப்பை நான் கேளாமலிருக்க அதை மறைவாக்கிக்கொண்டால் அது அநியாயம்.

நம் வீடுகளில் இந்த வரிசையில் நிற்பவர் யார்? விடியுமுன் எழுந்து அடுப்பு மூட்டுகிற தாய், தம்பி தங்கைகளுக்காகப் படிப்பை நிறுத்தின மூத்த மகள், இரவு முறைக்குப் போய்ப் பகலில் தூங்க இடமில்லாத தகப்பன். இவர்கள் கேட்கமாட்டார்கள். கேட்காததே அவர்களுடைய குணம். ஆகையால் கேட்கவேண்டியவர் நாமே.

இந்தத் தாளை மடித்து வைக்குமுன் அவர்களில் ஒருவரை நினைத்துக்கொள்ளுங்கள். இன்றைக்கு அவரருகே போய் உட்கார்ந்து, “நீங்கள் நல்லவர்” என்று புகழவேண்டாம். புகழ்ச்சி அவர் வாயை அடைத்துவிடும். “உங்களுக்கு எங்கே வலிக்கிறது?” என்று கேளுங்கள். முதலில் “ஒன்றுமில்லை” என்பார். எழுந்துவிடாதீர்கள். இன்னும் கொஞ்சநேரம் உட்கார்ந்திருங்கள்.